நாழிகை மீட்டார்

பன்னிருவீர்!

ஆநிரை மீட்கச் சென்று மீளாது போன மறவனுக்குக் கல் நட்ட நாடு இது. செங்கத்து மேட்டுநிலம் தொடங்கிப் பெண்ணைப் படுகை வரை, ஆலமரத்தடியிலும் ஏரிக்கரையிலும் அக்கற்கள் இன்றும் நிற்கின்றன. வில்லும் குறுவாளும் ஏந்தி ஒருக்களித்து நிற்கும் உருவம். மேலே வட்டெழுத்தில் மன்னனின் ஆட்சியாண்டு, பூசல் நிகழ்ந்த ஊர், பட்டவன் பெயர். ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக வெயிலும் மழையும் பட்டும் அப்பெயர்கள் அழியவில்லை. நீங்களும் மீட்கச் சென்றவர்களே. பகலவன் எழுமுன் ஆலைக்குள் புகுந்து, அவன் விழுந்தபின் வெளிப்போந்த மாந்தரின் நாளிலிருந்து கவர்ந்து செல்லப்பட்ட நாழிகைகளை மீட்கச் சென்றீர்கள். 1936ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 30ஆம் நாள், புதுச்சேரிச் சவானா ஆலையில், பிரெஞ்சு அரசின் துப்பாக்கிக்கு இரையாகிப் பட்டீர்கள். ஆநிரை மீட்டார்க்குக் கரந்தை சூட்டிய தமிழ், நாழிகை மீட்டார்க்கு எப்பூவைச் சூட்டும்? எத்துறையில் பாடும்?

கண்டாச்சிபுரத்திலிருந்து உங்களுக்காக இரங்குகிறேன். பாறைக்குன்றுகளும் ஏரிகளும் மானாவாரிக் கொல்லைகளும் சூழ்ந்த ஊர் இது. தெற்கே பெண்ணை ஓடுகிறது. திருக்கோவலூரில் கபிலர் குன்றைத் தழுவிச் செல்லும் அவ்வாற்றின் நீர், கீழே சொர்ணாவூர் அணைக்கட்டில் பங்காரு வாய்க்காலாகப் பிரிந்து, புதுச்சேரி மண்ணின் பாகூர் ஏரியை நிறைக்கிறது. எல்லைக்கோடு வரைந்த வெள்ளையர் இருவரும் ஆற்றை இரண்டாகப் பிளக்க அறிந்திலர். 1879இல் விழுப்புரத்தையும் புதுச்சேரியையும் இருப்புப்பாதை இணைத்தது. மழை பொய்த்த ஆண்டுகளில் தென்னார்க்காட்டுச் சிற்றூர்கள் தம் மக்களை அவ்வாலைகளின் சங்கொலிக்கு அனுப்பின. ஆதலின் உங்கள் சாவு எங்களுக்கு அயலார் சாவு அன்று.

கையறுநிலை பாடும் உரிமை எவர்க்கு உண்டு? மாய்ந்தானோடு இருந்து உண்டவர்க்கு. அவன் ஈகையால் உயிர் தரித்தவர்க்கு. பறம்பின் கோமான் பாரி மாய்ந்தபோது கபிலர் அவ்வாறு பாடினார். நானோ எட்டு மணி நேர வேலைநாளின் நிழலில் வளர்ந்த தலைமுறையைச் சேர்ந்தவன். தந்தையர் பொழுது சாயுமுன் வீடு திரும்பியதும், திண்ணையில் அமர்ந்து செய்தித்தாள் படித்ததும், பிள்ளையின் பாடத்தைக் கேட்டுத் திருத்தியதும் நீங்கள் இட்ட சோறு. உண்டவன் பாடுகிறேன், கேளுங்கள்.

அந்நாளைய புதுச்சேரியில் பெருவாயில் கொண்ட ஆலைகள் மூன்று: சவானா, ரோடியர், கெப்ளே. பின்னாளில் சவானா சுதேசி ஆலை ஆயிற்று. கெப்ளே பாரதி ஆலை ஆயிற்று. 1898இல் தோன்றிய ரோடியர், ஆங்கிலோ பிரெஞ்சு ஆலை என்னும் பெயர் சுருங்கி, ஏ.எஃப்.டி. என்று ஊர் வாயில் நிலைத்தது. புதுச்சேரியின் நீலத்துணி கடல் கடந்து சென்று, ஆப்பிரிக்காவில் செனகல் ஆற்றங்கரைச் சந்தைகளில் நாணயம் போலவே கைமாறிய காலம் உண்டு. துணி பொன்னாயிற்று, அதை நூற்றவள் வீட்டில் விளக்குக்கு எண்ணெய் இல்லை. பெண்டிரும் சிறாரும் ஆடவரோடு நின்று வேலை செய்தனர். கதிர் சுழலும் கூடத்தில் பஞ்சுத்தூசி இமைமயிரில் வெண்பனியாய்ப் படியும். அறுந்த நூலின் இரு முனைகளையும் விரல் நுனியால் திரித்து ஒட்ட வேண்டும். ஒட்டுமுன் அடுத்த கதிரில் நூல் அறும். அப்படிப் பத்து மணி நேரத்துக்கும் மேலாக நின்ற கால்கள், நடக்கும்போதும் எந்திரத்தின் அதிர்வை நிலத்துக்குக் கொண்டுவந்தன. இருமல் வந்தால் மேஸ்திரியின் ஏச்சு. தாமதித்தால் கூலியில் பிடிப்பு. கேட்டால் வாயிலுக்கு வெளியே இடம்.

அவ்விருளில் ஓர் இளைஞர் வந்தார். 1911இல் பிறந்த வ. சுப்பையா, 1934இல் ‘சுதந்திரம்’ என்னும் இதழைத் தொடங்கியபோது அகவை இருபத்து மூன்று. காந்தியடிகள் அவ்வாண்டு புதுச்சேரிக்கு வந்தபோது வரவேற்றவர்களுள் அவரும் ஒருவர். தீண்டாமையை எதிர்த்த தொண்டிலிருந்து தொழிலாளர் குடியிருப்புக்கு நடந்து, அங்கிருந்து பொதுவுடைமைக்குச் சேர்ந்த நடை அவருடையது. நூலகத்தில் கண்டெடுத்த கொள்கையாக அது அவரிடம் வரவில்லை. சேரியின் பசியையும் ஆலையின் நேரத்தையும் ஒரே கணக்கில் வைத்துப் பார்க்கும் கண்ணாக வந்தது. 1935இல் சவானா ஆலையில் வேலைநிறுத்தம் மூண்டது. மறு ஆண்டு, மூன்று ஆலைகளின் தொழிலாளரும் ஒரே குரலில் பேசக் கற்றனர்.

அவ்வாண்டை நினைமின். உலகின் மூன்று மூலைகளில் உழைப்பாளர் ஒரே படைக்கலத்தை எடுத்தனர். ஆலையை விட்டு வெளியேறாமல், எந்திரத்தை உடைக்காமல், அதன் அருகிலேயே அமர்ந்துவிடும் உள்ளிருப்பு. 1936 மே, ஜூன் திங்களில் பிரான்சின் தொழிலாளர் தம் ஆலைகளுக்குள் அமர்ந்தனர். பொதுவுடைமையரின் ஆதரவோடு அமைந்த லியோன் புளூமின் மக்கள் முன்னணி அரசு, வாரத்துக்கு 40 மணி நேர வேலையையும் ஊதியத்தோடு கூடிய விடுமுறையையும் சட்டமாக்கிற்று. அவ்வாண்டு டிசம்பர் 30 அன்று அமெரிக்காவின் ஃபிளின்ட் நகரில் மோட்டார்த் தொழிலாளர் அமர்ந்தனர். 44 நாள் கழித்து ஜெனரல் மோட்டார்ஸ் அவர்தம் சங்கத்தை ஏற்றது. இரண்டுக்கும் நடுவே, ஜூலையில், நீங்கள் அமர்ந்தீர்கள். பாரிசில் பறந்த அதே கொடிதான் புதுச்சேரி ஆளுநர் மாளிகை மீதும் பறந்தது. பாரிசில் அமர்ந்தவர்க்கு ஓய்வுநாள் கிடைத்தது. ஃபிளின்ட்டில் அமர்ந்தவர்க்கு ஒப்பந்தம் கிடைத்தது. உங்களுக்குக் குண்டு கிடைத்தது.

அந்தோ! குண்டு பாய்ந்த கணத்தில் எதை நினைத்தீர்கள்? அடுப்பை நினைத்தீர்களா, அறுந்த நூலை நினைத்தீர்களா? அடுத்தநாள் சங்கு ஊதியபோது உங்கள் இடத்தில் எவர் நின்றார்? உங்கள் பெண்டிர் ஆலை வாயிலில் எவ்வாறு நின்றனரோ, எப்பெயரைச் சொல்லி அழுதனரோ, அறியேன். அவர்கள் அழுதது வீண் போகவில்லை என்பதை அறிவேன். சுப்பையா கடல் கடந்து பாரிசுக்குச் சென்றார். ஆளும் நாட்டின் தொழிலாளர்க்குத் தந்ததை ஆளப்படும் நாட்டின் தொழிலாளர்க்கு மறுக்கும் நெறி யாது என்று கேட்டார். 1937இல் புதுச்சேரித் தொழிலாளர்க்கு எட்டு மணி நேர வேலைநாளும் சங்கம் அமைக்கும் உரிமையும் சட்டமாயின. ஆசியாவிலேயே அதை முதலில் பெற்றவர்கள் தாங்களே என்று புதுச்சேரித் தொழிலாளர் இன்றும் தலைநிமிர்ந்து சொல்வர். இல்லத்துக்குத் திரும்பாத பன்னிருவரால், பல்லாயிரவர் பொழுதோடு இல்லம் திரும்பினர்.

இங்கே ஓர் உண்மையைச் சொல்லாது மேற்செல்லல் ஆகாது. சங்கம் என்னும் பயிரைத் தமிழ்நாட்டில் முதலில் நட்டவர் பொதுவுடைமையர் அல்லர். 1918 ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் எழுந்தபோது அதன் தலைவர் வாடியா. அன்னி பெசன்ட் அம்மையாருக்குத் துணை நின்ற பிரம்ம ஞான சபையினர். உடன் நின்ற திரு.வி.க. முருகன் அழகில் தோய்ந்தவர். தேன்தமிழ் உரைநடையால் ஆலைத் தொழிலாளரிடம் பேசியவர். 1947இல் பின்னி ஆலை வேலைநிறுத்தத்தின்போது முதுமையிலும் வீட்டுக்காவலை ஏற்றவர். அறம் எவர் நெஞ்சிலும் ஊறும். ஒரு கொள்கையாரின் தனியுடைமை அன்று அது.

ஆயின் அறச்சீற்றத்தை அன்றாட அமைப்பாக்கியோர் எவர் என்று கேட்டால், செங்கொடியாரைச் சுட்டாது விடை இல்லை. 1923 மே முதல் நாள், சென்னைக் கடற்கரையில், இந்தியாவின் முதல் மே தினக் கொடியை ஏற்றியவர் சிங்காரவேலர். 1925 டிசம்பரில் கான்பூரில் கூடிய முதல் பொதுவுடைமை மாநாட்டுக்குத் தலைமை ஏற்றவரும் அவரே. 1928இல் தென்னிந்திய இரயில்வேத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது, அறுபதைக் கடந்த அம்முதியவர் சிறை புகுந்தார். காட்பாடிக்கும் புதுச்சேரிக்கும் திருச்சிக்கும் சென்னைக்கும் பாதை பிரியும் விழுப்புரம் சந்திப்பு அந்த இரயில்வேயின் நாடிகளுள் ஒன்று. 1946 செப்டம்பர் 5 அன்று திருச்சிப் பொன்மலையில், அதே இரயில்வேத் தொழிலாளர் சங்கத்தின் மீது காவல்துறை சுட்டது, ஐவர் மாண்டனர். அச்சங்கத்தை வளர்த்த அனந்தன் நம்பியாரும் கல்யாணசுந்தரமும் உமாநாத்தும் பொதுவுடைமையரே.

அவர்கள் சங்கத்துக்குத் தந்தது யாது? வீரம் மட்டும் என்றால் குறைத்துச் சொன்னவன் ஆவேன். ஆலை வாயிலில், மாறுவேளை முடிந்து ஒரு கூட்டம் வெளியேற மறுகூட்டம் உள்ளே நுழையும் அந்தக் கால்மணிப் பொழுதில், ஒரு பழைய பெஞ்சின் மீது ஏறி நின்று பேசுவார் ஒருவர். மூங்கிலில் கட்டிய சிவப்புத் துணி காற்றில் படபடக்கும். பேச்சு முடிந்ததும் இறங்கிச் சட்டைப்பையிலிருந்து ரசீதுப் புத்தகத்தை எடுப்பார். சந்தா சில காசுகளே. ஆயினும் ரசீது எழுதாமல் வாங்கமாட்டார். பெயரையும், துறையையும், திங்களையும் எழுதி, கார்பன் தாளின் கீழ் நகல் விழுந்ததா என்று பார்த்து, கிழித்துக் கொடுப்பார். அதுவரை ஆலையின் கூலிப் பேரேட்டில் மட்டுமே பெயர் கொண்டிருந்த மனிதன், தனக்கு உரிமையுள்ள வேறொரு பேரேட்டில் முதன்முறை தன் பெயரைக் கண்டான். இரவில் அவனுக்கு எழுத்து கற்பித்தார்கள். பஞ்சப்படிக் கணக்கைப் போடக் கற்பித்தார்கள். ரோடியர்த் தொழிலாளியும் சவானாத் தொழிலாளியும் ஒருவரே என்றார்கள். வன்னியனும் பறையனும் கிறித்தவனும் ஒரே வரிசையில் நின்றாலன்றி வாயில் திறவாது என்றார்கள். தொழுமிடத்திலும் கிணற்றடியிலும் பிரிந்து நின்றவர்கள் கொடியடியில் ஒன்றாக நின்றார்கள். கூலி உயர்வைக் காட்டிலும் இது பெரிது.

இத்தகையோரை உலகம் என்ன செய்தது? இதுவே என் இரங்கலின் நடு.

அமெரிக்காவில் அவர்களை வெளியேற்றினார்கள். 1930களின் பொருளாதாரப் பெருமந்தத்தில் மோட்டார் ஆலைகளிலும் மின்கருவி ஆலைகளிலும் துறைமுகங்களிலும் சங்கம் கட்டிய அமைப்பாளர்களுள் பொதுவுடைமையர் பலர். தொழிலாளரைத் தோல்நிறம் பாராது சேர்க்க வேண்டும் என்று முன்னின்று சொன்னவர்களுள்ளும் அவர்களே மிகுதி. போர் முடிந்தது; பகை மாறிற்று. 1947இல் டாஃப்ட்-ஹார்ட்லி சட்டம் வந்தது. தாம் பொதுவுடைமைக் கட்சியினர் அல்லர் என்று பொறுப்பாளர் ஒவ்வொருவரும் உறுதிமொழிப் பத்திரம் தராவிடில், அவர்தம் சங்கத்துக்குத் தொழிலாளர் உறவு வாரியத்தின் காப்பு இல்லை என்றாயிற்று. ஃபிளின்ட்டின் வெற்றியால் வளர்ந்த சி.ஐ.ஓ. கூட்டமைப்பே, 1949, 1950 ஆண்டுகளில், இடதுசாரித் தலைமை கொண்ட 11 சங்கங்களைத் தன் வாயிலுக்கு வெளியே தள்ளிற்று. துறைமுகத் தலைவர் ஹாரி பிரிட்ஜஸை நாடு கடத்த அரசு மீண்டும் மீண்டும் முயன்றது. அவருடைய தொழிலாளர் மீண்டும் மீண்டும் அவரையே தேர்ந்தனர். கட்டியவரை வெளியேற்றிய வீடு சில காலம் செழித்தது. 1950களின் நடுவில் அந்நாட்டுத் தொழிலாளர் மூவரில் ஒருவர் சங்கத்தில் இருந்தார். இன்று பத்தில் ஒருவர். அத்தேய்வுக்குக் காரணங்கள் பல. ஆயினும் புதிய ஆலைக்கு நடந்து சென்று, முகம் அறியாதவனிடம் ரசீதுப் புத்தகத்தை நீட்டும் பித்தர்களைத் தானே துரத்திய இயக்கம், அப்பித்தின் இழப்பை எவ்வாறு ஈடு செய்யும்?

மலாயாவில் அவர்களைத் தூக்கிலிட்டார்கள். தஞ்சைத் தம்பிக்கோட்டையில் பிறந்து, அகில மலாயாத் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் தலைவராய் உயர்ந்த எஸ்.ஏ. கணபதி! ரப்பர்த் தோட்டத்துத் தமிழனும் ஈயச் சுரங்கத்துச் சீனனும் உன் கொடியின் கீழ் ஒன்றாய் நின்றனர். 1948 ஜூனில் உன் கூட்டமைப்பைத் தடை செய்தார்கள். துப்பாக்கி வைத்திருந்தாய் என்று குற்றம் சாட்டி, 1949 மே 4 அன்று கோலாலம்பூர்ப் புடு சிறையில் உன் கழுத்தில் கயிறிட்டார்கள். உன் தோழன் வீரசேனன் அதற்கு முந்திய நாள் சுட்டுக் கொல்லப்பட்டான். ஒரே இரவின் இரு கரையில் இரு தமிழ்ப் பிணங்கள்! பால் வடிக்கும் மரத்துக்குக் கீழே குனிந்து நின்றவனை நிமிர்த்திய குற்றத்துக்கு மேலாக உங்கள் குற்றம் யாது? உங்களுக்குப் பின், செங்கொடி தவிர்த்த சங்கங்களையே ஆட்சியாளர் வளரவிட்டனர்.

நம் மண்ணில் அவர்களைச் சிறையிலேயே சுட்டார்கள். விடுதலை பெற்ற நாட்டில், குடியரசு மலர்ந்து பதினாறே நாள் கழித்து, 1950 பிப்ரவரி 11 அன்று, சேலம் சிறையில் பொதுவுடைமைக் கைதிகள் 22 பேர் குண்டுக்கு இரையாயினர். வெள்ளையன் துப்பாக்கிக்கு ஒரு நீதி, நம்மவன் துப்பாக்கிக்கு ஒரு நீதி என்று கையறுநிலை வேறுபாடு காணாது. பட்டவன் தாய் இரண்டுக்கும் ஒன்றாகவே அழுதாள்.

பகைவர் செய்ததை மட்டும் பாடி நின்றால் என் இரங்கல் பாதி பொய் ஆகும். தோழர்களே, நீங்களே செய்ததும் உண்டு. சங்கம் தொழிலாளியின் வீடு. கட்சி அவ்வீட்டுக்கு விளக்கு. விளக்கே வீட்டை ஆளப் புகுந்த நாட்களும் இருந்தன. சோவியத் நாடு போரில் இறங்கியபின், இது மக்கள் போர் என்று சொல்லி, வேலைநிறுத்தம் வேண்டா என்றீர்கள். அமெரிக்கத் தோழரும் அதையே சொன்னார்கள். கூலி தேய்ந்த தொழிலாளி உங்கள் முகத்தைப் பார்த்தான். நீங்கள் தொலைதூரத்துத் தலைநகரைப் பார்த்தீர்கள். 1948இல் புரட்சி வாயிலில் நிற்கிறது என்று கணித்தீர்கள்; அக்கணிப்புக்கு விலை கொடுத்தவர்கள் சேலத்துக் கொட்டடியில் கிடந்தார்கள். 1920இல் லாலா லஜபதி ராய் தலைமையில் தோன்றிய ஏ.ஐ.டி.யு.சி. நாடு முழுமைக்கும் ஒரே குடையாக எழுந்தது. 1947இல் காங்கிரசார் தமக்கென ஐ.என்.டி.யு.சி. கண்டனர். 1964இல் கட்சி பிளந்தது. 1970இல் அப்பிளவு சங்கத்தையும் பிளந்து சி.ஐ.டி.யு. பிறந்தது. பின் ஒவ்வொரு கட்சிக்கும் ஒரு சங்கம் என்றாயிற்று. ஒரே வாயிலில் பல கொடிமரம். ஒரே தொழிலாளியிடம் பல ரசீதுப் புத்தகம். பன்னிருவீர், நீங்கள் பட்டபோது எக்கொடி மரத்தடியில் பட்டீர்கள் என்று எவரும் கேட்கவில்லையே!

ஆலைகளே, உங்களையும் பாடுகிறேன். கொடியவை என்று வைதேன். ஆயினும் உம் சங்கொலியில் ஓர் ஊர் எழுந்தது, உலை வைத்தது, பிள்ளைக்குப் பெண் பார்த்தது. விடுதலைக்குப் பின் அரசின் கைக்கு வந்தீர்கள். 2011 டிசம்பர் 30 அன்று புதுச்சேரிக்கும் கடலூருக்கும் நடுவே கரையேறிய தானே புயல் ஏ.எஃப்.டி.யின் கூரையைப் பிய்த்தது. பிய்ந்தது முழுதாய் வேயப்படவில்லை. வேலை இல்லாத நாளுக்கு அரைச்சம்பளம், பிறகு அதுவும் நிலுவை. 2020இல் மூன்று ஆலைகளுக்கும் இறுதி மூடுதல் வந்தது. சவானாவே, பன்னிருவர் குருதியைக் குடித்த நீயும் பட்டாய்! கெப்ளேயே, பாரதி பெயரைத் தாங்கிய நீயும் பட்டாய்! ரோடியரே, நூற்றாண்டுக்கு மேல் விழித்திருந்த உன் கண்ணும் மூடிற்று! பகைவனை வெல்ல நின்ற களமே இல்லாது போனபின், வென்றவன் எங்கே நிற்பான்? பணிக்கொடைக்கும் நிலுவைக்கும் அலைந்த முதியவர்களின் கையில் எஞ்சியவை பழைய சங்க ரசீதுகளே.

ஆண்டுதோறும் ஜூலை 30 அன்று புதுச்சேரித் தொழிற்சங்கத்தார் உங்களுக்கு மலர் வைக்கின்றனர், முழக்கமிடுகின்றனர். வ. சுப்பையாவும் 1993இல் மறைந்தார். மலரும் முழக்கமும் போதுமா என்று எண்ணும்போது, கபிலர் செய்த வினை நினைவில் எழுகிறது. அவர் அழுததோடு அமையவில்லை. மூவேந்தர் முற்றி நின்று மலையைக் கொண்டபின், பாரி விட்டுச் சென்ற மகளிர் இருவரையும் கைப்பிடித்து நடந்தார். விச்சிக்கோன் வாயிலில் நின்றார், மறுக்கப்பட்டார். இருங்கோவேள் வாயிலில் நின்றார்; மறுக்கப்பட்டார். மலையமான் நாட்டில், இந்தப் பெண்ணைக் கரையில், அவர்களுக்கு ஒரு புகலிடம் கண்டபின்னரே தம் உயிரை நீத்தார் என்று இராசராசன் காலத்துத் திருக்கோவலூர்க் கல்வெட்டு அவர் கதையைச் சொல்கிறது. இறந்தவனுக்குச் செய்யும் கடன், அவன் விட்டுச் சென்றதைக் காப்பது. அதுவே எங்கள் மண் கற்பித்த இரங்கல்.

நீங்கள் விட்டுச் சென்றவை இரண்டு: எட்டு மணி நேர நாள் ஒன்று, தாம் விரும்பும் சங்கத்தில் சேரும் உரிமை மற்றொன்று. அவ்விரண்டும் இன்று வாயில் வாயிலாய் நிற்கின்றன.

2023 ஏப்ரல் 21 அன்று, தமிழ்நாட்டுச் சட்டமன்றத்தில், தொழிற்சாலைகளில் 12 மணி நேர வேலைநாளுக்கு இடந்தரும் திருத்தம் நிறைவேறிற்று. செங்கொடிக் கட்சிகள் வெளிநடப்புச் செய்தன. எல்லாக் கொடியின் தொழிற்சங்கங்களும் கூடி எதிர்த்தன. மூன்றே நாளில் அது நிறுத்திவைக்கப்பட்டது. மே தினத்தன்று திரும்பப் பெறப்படுவதாக முதலமைச்சர் அறிவித்தார். சிதறிய கொடிகள் ஒரு கிழமை ஒன்றாய் நின்றதால் எட்டு மணி நேரம் உயிர் பிழைத்தது.

2024 செப்டம்பர் 9 அன்று, திருப்பெரும்புதூருக்கு அருகே, சாம்சங் ஆலையின் தொழிலாளர் ஆயிரவருக்கு மேற்பட்டோர் வேலையை நிறுத்தினர். கூலி உயர்வும் கேட்டனர். தலையாய வேட்கை, தாம் அமைத்த சி.ஐ.டி.யு. சார்புச் சங்கம் பதிவு பெற வேண்டும் என்பது. ஏழு பேர் சேர்ந்து சங்கப் பதிவுக்கு விண்ணப்பிக்கலாம் என்று 1926ஆம் ஆண்டுச் சட்டமே சொல்லியிருந்தது. ஆயினும் 37 நாள் பந்தலில் அமர வேண்டியிருந்தது, கைதாக வேண்டியிருந்தது, நீதிமன்றம் ஏற வேண்டியிருந்தது, 2025 ஜனவரியில்தான் பதிவு கிட்டிற்று. அவர்கள் முன் நின்ற தடை எது? சங்கத்தைக் காட்டிலும் அதன் சார்பு. அமெரிக்காவின் உறுதிமொழிப் பத்திரமும் மலாயாவின் தடையாணையும் அச்சுமாறி வந்து நின்றதாகவே எனக்குத் தோன்றிற்று.

எம் ஊர்ப் பிள்ளைகளைப் பார்க்கிறேன். விடுமுறைக்கு முந்திய இரவு, விழுப்புரத்திலிருந்து வரும் கடைசிப் பேருந்திலிருந்து இறங்குகின்றனர். ஒரகடத்திலோ திருப்பெரும்புதூரிலோ கார் உறுப்போ கைப்பேசியோ பூட்டிவிட்டு வருகிறவர்கள். கழுத்தில் நாடாவில் தொங்கும் அட்டையில் ஆலையின் பெயர் இல்லை. ஆள் அனுப்பும் ஒப்பந்தக்காரரின் பெயரே உண்டு. மிகைநேரம் பார்த்தாயா என்றால், பார்க்காமல் எப்படி என்பான். சங்கம் உண்டா என்றால், அப்பேச்சே வேண்டா அண்ணா என்று குரல் தாழ்த்துவான். எட்டு மணி நேரம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், அரசாங்கம் கொடுத்தது என்பான். அவன்மேல் குற்றம் இல்லை. ஊருக்கு ஊர் நடுகல் உண்டு, உங்கள் கதை சொல்லும் பாடம் அவன் படித்த பள்ளியில் இல்லை. கொண்டாடும்போது உரிமையைக் கொண்டாடினோம்; அதைப் பெற்றுத் தந்தவரை மட்டும் வெட்கத்தோடு ஒளித்தோம்.

அதுவே நாம் உங்களுக்குச் செய்த இரண்டாம் சாவு. உங்கள் கொள்கை முழுவதையும் எல்லாரும் ஏற்க வேண்டியதில்லை. உங்கள் தலைவர்கள் வழி தவறிய இடங்களை மறைக்கவும் வேண்டியதில்லை. வாடியாவின் இறையுணர்வும் திரு.வி.க.வின் முருகும் சிங்காரவேலரின் பகுத்தறிவும் ஒரே வாயிலில் நின்றன, இன்றும் நிற்கலாம். ஆனால் விதைத்தவன் நிறம் பிடிக்கவில்லை என்று அவனைத் துரத்திவிட்டு விளைச்சலை மட்டும் வைத்துக்கொள்ள முயன்ற நாடுகளில், சில தலைமுறைக்குள் விளைச்சலும் குன்றிற்று. கொள்கை நீங்கிய சங்கம் கூலி பேசும் தரகாகச் சுருங்கும். தொழிலாளி நீங்கிய கொள்கை மேடைப்பேச்சாக உலரும். இரண்டும் கூடி நின்ற அந்தச் சில ஆண்டுகளில்தான், பன்னிரு ஏழை உயிர்கள் ஒரு பேரரசின் சட்டத்தை மாற்றின.

ஆதலின், பன்னிருவீர், உங்கள் பெயரால் இந்நாட்டை ஒன்று வேண்டுகிறேன். சங்கம் வேண்டும் என்று வந்து நிற்கும் தொழிலாளியிடம் உன் கொடியின் நிறம் என்ன என்று கேட்பதை ஆட்சியாளரும் ஆலையாளரும் நிறுத்தட்டும். அந்தக் கேள்வியால் சிந்திய குருதி போதும். எம் கொடியின் கீழ்த்தான் வரவேண்டும் என்று அவனை இழுப்பதைச் சங்கத்தாரும் நிறுத்தட்டும். அந்த இழுப்பால் பிரிந்த கைகள் போதும். அவனிடம் கேட்கத் தக்க கேள்விகள் இரண்டே: இன்று எத்தனை மணி நேரம் உழைத்தாய்? அதற்கு என்ன பெற்றாய்?